ரோச் நலம்பெற ஒரு பூசை

ஜூன் 10, செவ்வாய்

ஐஸ் வண்டி வரவில்லை. சாளை மீன் விலை போகவில்லை. மத்தியானம் அரசு வக்கீல் பாண்டியராஜன் போன் செய்தார். ரோச்சுக்கு இரண்டு கிட்னியும் போய்விட்டதாம். சென்னையில் மகள் வீட்டில் இருந்து டயாலிசிஸ் செய்கிறானாம். வழக்கையும் தூத்துக்குடியில் இருந்து அங்கே மாற்றச் சொல்லி ஐகோர்ட்டில் மனுப் போட்டிருக்கிறான்.

கரையில் வல்லப் படகு கட்டிப்போடுகிற இடத் தகராறில் என் வீட்டுக்காரர் ரெக்சனைத் துடுப்பால் அடித்துக் கொன்றவன். நேரில் பார்த்தது மீன் விற்கும் அல்போன்சா அக்கா ஒருத்திதான். திருநெல்வேலிக்கே பஸ் ஏறப் பயப்படுகிறவள் சென்னைக்கு எங்கே வருவாள்?

ஜூன் 12

செத்துத் தொலையட்டும் என்று வக்கீலிடம் வாய்விட்டே சொல்லிவிட்டேன். “செத்தா கேசும் முடிஞ்சிரும்மா” என்றார். குற்றவாளி என்று யாரும் சொல்லாமலே போய்விடுவானா? கூடாது. அவன் எழுந்து இங்கே வர வேண்டும்.

ஜூன் 15, ஞாயிறு

யாரும் கடலுக்குப் போகாத நாள். புன்னைக்காயல் ஊர் முழுவதும் மாதா கோயிலில். அவன் சுகப்பட நான்தான் பூசைக்குப் பணம் கொடுத்திருந்தேன். பேரை வாசிக்க வேண்டாம் என்று சொல்ல மறந்தேன். சாமியார் வாசித்துவிட்டார்: “ரோச் உடல்நலம் பெற, விஜிலா ரெக்சன் ஒப்புக்கொடுக்கும் திருப்பலி.” வாசலில் பெண்கள் என் கையைப் பிடித்துக்கொண்டு அழுதார்கள். ஐயோ — நான் மன்னித்துவிட்டேனாம்!

ஜூன் 17

அல்போன்சா அக்கா: “ஏளா, நீயே மன்னிச்சிட்ட. பொறவு நான் எதுக்குக் கூண்டுல ஏறணும்?”

இல்லை அக்கா, இல்லை என்றேன். நம்பவில்லை.

ஜூன் 24

ரோச்சின் மனைவி பிளாரன்ஸ் வந்தாள். “அவிய போன்ல அழுதாவ. விஜிலாவே மன்னிச்ச பொறவு மனு எதுக்கு, ஊருக்கே வாரேன்னு சொல்லுதாவ.”

உண்மை வாய் வரைக்கும் வந்தது. விழுங்கிவிட்டேன். சீ, நான் என்ன பொம்பளை!

ஜூலை 3

மனு வாபஸ். வழக்கு இங்கேயேதான். பிறகு ஏன் சோறு இறங்க மாட்டேன் என்கிறது?

ஜூலை 20, ஞாயிறு

அல்போன்சா அக்காவிடம் எல்லாவற்றையும் சொன்னேன். வைதாள். “ஏமாத்திக் கூட்டியாந்த ஆளுக்கு எதிரா நான் சாட்சி சொல்ல மாட்டேன். மன்னிக்கலன்னு நீ அவன் மூஞ்சிக்கு நேரா சொல்லு. பொறவு பாப்போம்.”

ஜூலை 21

தூத்துக்குடி கோர்ட். முதல் சாட்சி நான். ரோச்சைக் கைத்தாங்கலாகக் கொண்டுவந்து நிறுத்தினார்கள். கால் வீங்கி, முகம் கறுத்து, பாதி ஆளாகியிருந்தான். என்னைப் பார்த்துக் கும்பிட்டான்.

கூண்டில் ஏறினேன். அவன் கால் நடுங்குவது அங்கிருந்தே தெரிந்தது.

“அவர உக்கார வைங்க ஐயா” என்றேன்.

நாற்காலி போட்டார்கள். அவன் உட்காரும்வரை பொறுத்திருந்து, அவனைப் பார்த்து, “நான் உங்கள மன்னிக்கல” என்றேன். கேட்டதற்கு மட்டும் பதில் சொல்லுங்கள் என்றார் நீதிபதி. சொன்னேன். ரெக்சன் ஆஸ்பத்திரியில் அவன் பேரைச் சொல்லிவிட்டுக் கண்ணை மூடியது வரை.

வெளியே வராந்தாவில் அல்போன்சா அக்கா உட்கார்ந்திருந்தாள்.

“சொன்னியாளா?”

“சொல்லிட்டேன்க்கா.”

உள்ளேயிருந்து அவள் பேரைக் கூப்பிட்டார்கள். முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு எழுந்து போனாள்.