கைதிக் கிணற்றில் போட்ட பெயர்கள்

என் உயிர்ச் சிநேகிதிக்கு,

நேற்று பஜாரில் சீத்தாப்பழம் வாங்கினேன். அவலூர்பேட்டைப் பக்கத்திலிருந்து கூடையில் கொண்டுவந்து விற்கிற அம்மாள், கனிந்ததாகப் பார்த்துப் பொறுக்கிக் கொடுத்தாள். வீட்டுக்கு வந்து ஒன்றைப் பிளந்ததும் வாசனை குப்பென்று எழும்பியது. அவ்வளவுதான், கையில் பழத்தோடு அப்படியே உட்கார்ந்துவிட்டேன். கோட்டைச் சுவரோரம் நின்று கொட்டையை யார் தூரமாகத் துப்புவது என்று போட்டி வைத்தாயே, வெட்கங்கெட்டவளே, அந்த வாசனைதான்.

உன் மகள் போன் செய்து இன்னும் ஒரு மாதம் ஆகவில்லை. "அம்மா தூக்கத்துலயே போயிட்டாங்க ஆன்ட்டி" என்று தட்டுத்தடுமாறித் தமிழில் சொன்னாள். எனக்கு அழுகை வரவில்லை. கோபம்தான் வந்தது. சொல்லாமல் கொள்ளாமல் அப்படி என்னடி அவசரம் உனக்கு? போனை வைத்த பிறகும் உன்னைத் திட்டிக்கொண்டே இருந்தேன். இந்த மடலும் முக்கால்வாசி திட்டுத்தான். பொறுத்துக்கொள்.

நீ புதுச்சேரிக்காரி, கடற்காற்று வாங்கி வளர்ந்தவள். நான் செஞ்சிக்காரி, பாறைச் சூட்டில் வளர்ந்தவள். டீச்சர் டிரெயினிங்கில் விடுதிக்காரர்கள் நம் இருவரையும் ஒரே அறையில் போட்டார்கள். டிரெயினிங் முடிந்த கையோடு உனக்குச் சம்பந்தம் பேசினார்கள். மாப்பிள்ளை பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்தார். நீ பார்த்ததெல்லாம் ஒரு போட்டோ மட்டும்தான். மாதா கோயிலில் கல்யாணம், முடிந்ததும் பிரான்சுக்குக் கப்பல். அறுபதுகளில் உங்கள் ஊரில் அப்படிக் கப்பலேறிய பெண்கள் நிறைய. உனக்கோ மாட்டேன் என்று சொல்லத் தைரியமில்லை, சரி என்று சொல்ல மனசில்லை. உன் நைனா ஞாயிற்றுக்கிழமைக்குள் பதில் கேட்டிருந்தார். நீ வெள்ளிக்கிழமை காலையில் செஞ்சி பஸ்ஸில் வந்து இறங்கினாய்.

"உங்க ஊர்க் கோட்டையைப் பாத்துட்டு முடிவு பண்றேன்டி."

"கோட்டைக்கும் கல்யாணத்துக்கும் இன்னாடி சம்பந்தம்?"

"எத்தினி பேரு வந்தாங்க, போனாங்க, எல்லாத்தையும் அது பாத்துக்குனுதானே இருக்குது? அதுக்குத் தெரியும்."

பைத்தியம் என்று சொல்லிக்கொண்டே செருப்பை மாட்டினேன்.

கோட்டை வாசல் புளியமரத்தடியில், வருகிறவர்களுக்குச் சுற்றிக்காட்ட இரண்டு பேர் எப்போதும் நிற்பார்கள். ஒருவர் கோட்டுக்காரர். தீயாய்க் கொளுத்தும் வெயிலிலும் கறுப்புக் கோட்டைக் கழற்றமாட்டார். "ராஜகிரி உச்சி வரைக்கும் கூட்டினு போறேன். யாரு கட்டுனது, யாரு புடிச்சது, பீரங்கி எப்படி மேல ஏறுச்சு, எல்லாம் வரிசையா சொல்லுவேன்" என்றார். இன்னொருவர் ஒல்லியானவர், கையில் தையல் போட்ட குடை. "நான் மேல வரமாட்டேன். களஞ்சியம், சக்கரகுளம், கைதிக் கிணறு, அவ்ளோதான். உச்சி வேளைக்குள்ள எறங்கிடணும்" என்றார்.

இதில் யோசிக்க என்ன இருக்கிறது? மேலே ஏறினால் காற்றாவது வாங்கலாம் என்று நான் கோட்டுக்காரரை முடிவு செய்துவிட்டேன். நீதான் இரண்டு பேரையும் நிறுத்தி வைத்து, பரீட்சை வைப்பதுபோல ஒரே கேள்வியைக் கேட்டாய்.

"இங்கேர்ந்து தூர தேசம் போனவங்க யாராவது திரும்பி வந்த கதை இருக்குதாங்க?"

கோட்டுக்காரர் தலையைச் சொறிந்தார். "வந்தாங்க, சண்டை போட்டாங்க, போனாங்கம்மா. திரும்பி வந்ததா எந்தப் புஸ்தகத்துலயும் இல்ல."

குடைக்காரர் குடையை மடக்கினார். "ஆளு வர்றதில்லம்மா. கொரலு வரும்."

நீ போய் அவர் பக்கத்தில் நின்றுகொண்டாய். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கவில்லை. உன் பிடிவாதத்தில் இடி விழ.

களஞ்சியத்துக்குள் நுழைந்ததும் வௌவால் நாற்றம் மூக்கை அடைத்தது. கண் பழகும் வரை எதுவும் தெரியவில்லை. அந்த இருட்டில் வைத்துத்தான் அவர் சொன்னார்: "மலையில யாரையும் பேர் சொல்லிக் கூப்புடாதீங்க. உங்களை யாராவது ஒரு தடவை கூப்புட்டா, ஏன்னு கேக்காதீங்க. ரெண்டாவது தடவையும் கூப்புட்டா மட்டும் பேசுங்க."

நீ என்னைப் பார்த்துச் சிரித்தாய். செஞ்சியில் பிறந்த எனக்கு இது புதிதில்லை. எங்கள் ஊரில் ஆடு மேய்க்கிறவர்கள் மலையில் 'ஓய்' என்றுதான் குரல் கொடுப்பார்கள். உச்சி வேளையில் ஒற்றைக் குரல் கேட்டால் எங்கள் வீட்டில் யாரும் திரும்பமாட்டோம். விடுதியில் நீ ஒரு தடவை கூப்பிட்டு நான் பேசாமல் இருந்தால், "காது செவிடாடி?" என்று தலையணையை எறிவாயே, அதற்குக் காரணம் இந்தப் பழக்கம்தான்.

சக்கரகுளம் தாண்டிக் கைதிக் கிணற்றுக்கு வந்தோம். கிணறு என்று பெயர்தான். பாறைமேல் உட்கார்ந்திருக்கிற ஒரு பெரிய உருண்டைக் கல், அதன் நடுவில் குடைந்ததுபோல ஒரு பொந்து, வாயைச் சுற்றிச் செங்கல் சுவர். சாகவேண்டியவர்களை உள்ளே இறக்கிவிட்டு, சோறு தண்ணீர் இல்லாமல் விட்டுவிடுவார்களாம். பக்கத்துப் பாறையில் நம்மை ஏற்றி நிறுத்திவிட்டு அவர் கீழேயே நின்றார்.

"உள்ள கெடக்குறவங்க, வெளிய இருக்குற சொந்தக்காரங்க பேரைச் சொல்லிக் கூப்புடுவாங்களாம். பசியில எத்தினி தடவை கூப்புட முடியும்? ஒரு தடவைக்குத்தான் தெம்பு இருக்கும். உசுரோட இருக்குறவங்கதான் ரெண்டாவது தடவை கூப்புடுவாங்க. அதுக்குத்தாம்மா சொன்னேன்."

அவர் சொல்லி வாய் மூடவில்லை. நீ அந்தப் பொந்தின் பக்கம் குனிந்து, "அஞ்சல...ய்!" என்று என் பெயரை இழுத்துக் கத்தினாய். என்னைச் சீண்டவேண்டும் உனக்கு. நான் மட்டும் சும்மா இருப்பேனா? நானும் உன் பெயரைச் சொல்லிக் கத்தினேன்.

எதிரொலி வரவில்லை. அந்த மலையில் கைதட்டினால்கூட நாலு பக்கமும் திரும்பிக் கேட்கும். அந்தப் பொந்தோ நம் இரண்டு பெயரையும் வாங்கி உள்ளே வைத்துக்கொண்டதுபோல் கம்மென்று இருந்தது. காற்றும் நின்றுவிட்டது. உன் கை என் கையைத் தேடிப் பிடித்தது. சில்லென்று இருந்தது.

"இன்னாம்மா பண்ணிட்டீங்க ரெண்டு பேரும்" என்றார் குடைக்காரர். அவர் முகத்தில் ரத்தமே இல்லை. "எதிரொலி வந்துட்டா தொல்லை இல்ல. வரலன்னா உள்ள வெச்சிருக்குதுன்னு அர்த்தம்."

"திருப்பிக் குடுக்குமா?" என்று கேட்டாய்.

"குடுக்கும். அதுக்கு எப்பத் தோணுதோ அப்ப."

அதற்குமேல் அவர் எதையும் காட்டவில்லை. கீழே வந்து, நம் பயத்தைப் போக்கத்தானோ என்னவோ, சுவரோர மரத்திலிருந்து ஆளுக்கொரு சீத்தாப்பழம் பறித்துக் கொடுத்தார். அப்போதுதான் அந்தக் கொட்டை துப்புகிற போட்டி. சிரித்தோம்.

சாயங்காலம் பஸ் ஸ்டாண்டில் நிற்கும்போது, "நீ சொல்லுடி, போகவா வேணாவா?" என்று கேட்டாய். போகாதே என்று சொல்ல வாய் வரை வந்தது. உன் நைனா பார்த்துவைத்த சம்பந்தத்துக்கு நடுவில் நான் யார்? "உன் இஷ்டம்" என்றேன். பஸ் வந்ததும் நீ ஏறப்போனாய். ஒரு காலைப் படியில் வைத்தவள் அப்படியே நின்றாய், என் பக்கம் திரும்பாமல், எதையோ உற்றுக் கேட்பதுபோல. கண்டக்டர், "ஏறும்மா, இல்ல எறங்கு" என்று சத்தம் போட்டார். நீ உள்ளே போய்விட்டாய். ஞாயிற்றுக்கிழமை உன் நைனாவிடம் சரி என்று சொன்னாயாம்.

பிறகு நீ ஒரே ஒரு தடவைதான் வந்தாய், தலை நரைத்து, மூக்குக் கண்ணாடி போட்டு. என் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்து காபி குடித்துக்கொண்டே, பேச்சோடு பேச்சாகக் கேட்டாய்.

"அன்னிக்கி பஸ்ல ஏறும்போது என் பேரைச் சொல்லிக் கூப்புட்டியே, ஏன்டி ஒரு தடவையோட நிறுத்திட்ட?"

எனக்குத் தூக்கிவாரிப்போட்டது. "நான் எங்கடி கூப்புட்டேன்? வாயே தொறக்கலையே!"

"உன் கொரலுதான்டி. எனக்குத் தெரியாதா? கோட்டையில நீ கத்துன மாதிரியே இருந்துச்சு. அந்த ஆளு சொன்னாரே, ரெண்டாவது தடவை கூப்புட்டாத்தான் பேசணும்னு. படியில நின்னு காத்துக்குனு இருந்தேன். இன்னொரு தடவை கூப்புட்டிருந்தா எறங்கியிருப்பேன்."

அன்று நான் சத்தியம் செய்தேன், நீ நம்பவில்லை. "போடி பொய்க்காரி" என்று சிரித்தாய். நல்ல புருஷன், நல்ல பிள்ளைகள், குறையொன்றும் இல்லை என்றாய். இருந்தும் வாசல் வரை போய்விட்டுத் திரும்பி என்னைக் கட்டிக்கொண்டு அழுதாய். அப்போதுதான் எனக்கு உறைத்தது: மலை வாங்கி வைத்த உன் பெயரை அந்தப் பஸ் ஸ்டாண்டில் திருப்பிக் கொடுத்திருக்கிறது. அப்படியானால் என் பெயர்? அது இன்னும் உள்ளேதான் இருக்கிறது. இதை உன்னிடம் சொல்லாமல் விட்டுவிட்டேன்.

இனி நேற்றைய கதைக்கு வருகிறேன். உச்சி வேளை. கரண்ட் போய் ஃபேன் நின்றிருந்தது. பிளந்த பழம் கையில். தெருவில் ஒரு சைக்கிள் மணிச் சத்தம்கூட இல்லை.

"அஞ்சல...ய்!"

பின்வாசல் பக்கமிருந்து வந்தது. காபி குடித்துவிட்டுப் போன அந்த நரைத்த அம்மாளின் குரலில்லை. பாறைமேல் குனிந்து நின்று என்னைச் சீண்டியவளின் குரல், அதே குறும்பு, அதே இழுப்பு. ஆயுசு முழுக்க ஒற்றைக் குரலுக்கு நான் ஏன் என்று கேட்டதில்லை. என் வீட்டுக்காரர்கூடக் கடைசி வரை என்னை இரண்டிரண்டு தடவை கூப்பிட்டே அலுத்துப்போனார். நேற்றும் அதே பழக்கத்தில் பல்லைக் கடித்துக்கொண்டு இரண்டாவது தடவைக்குக் காத்திருந்தேன்.

வரவில்லை. எப்படி வரும்? ஒரு தடவைக்குத்தான் தெம்பு இருக்கும் என்று அந்த மனிதர் சொன்னாரே. பஸ் படியில் ஒரு காலை வைத்துக்கொண்டு, வராத குரலுக்காக நீ நின்ற நிற்பு கண்முன்னால் வந்தது. இனி உன்னை அப்படிக் காக்கவைத்து நிறுத்தமாட்டேன் என்று தோன்றிவிட்டது. பயம் போய்விட்டது என்று சொல்லமாட்டேன். பயத்தோடுதான் எழுந்து போய்ப் பின்கதவைத் திறந்தேன்.

"இன்னாடி? இங்கதான் இருக்கேன், வா" என்றேன்.

கரண்ட் வந்து ஃபேன் சுற்ற ஆரம்பித்தது. பழத்தின் மறு பாதியைத் தட்டில் எடுத்து வைத்தேன். கதவை இன்னும் சாத்தவில்லை.

உன்,
அஞ்சலை