உன் அப்பா டாக்டர் இல்லை

கிமுண்டன்,
1974 நவம்பர் 19

அன்பு மகள் ரோஸ்விதாவுக்கு அம்மா எழுதுவது. டொராண்டோ குளிரில் நீயும் மாப்பிள்ளையும் குழந்தையும் சளி, காய்ச்சல் இல்லாமல் இருப்பீர்கள் என்று நம்புகிறேன். இங்கே எங்கள் இருவருக்கும் உடம்புக்கு ஒன்றுமில்லை, மனசுதான் சரியில்லை. உனக்கு ஆறு வயதில், அப்பா வெள்ளை அங்கியோடு பனியில் குதிரையேறிப் போகும் படத்தைப் பார்த்துவிட்டு, "படம் முடிஞ்சப்புறமும் அப்பா டாக்டர்தானாம்மா?" என்று கேட்டாய். நாங்கள் சிரித்தோமே தவிர பதில் சொல்லவில்லை.

வியன்னா நாடக மேடையில் தட்டு ஏந்தும் வேலைக்காரனாக ஆரம்பித்தவர் அவர். போருக்குப் பின் ஒரு படத்தில் மலைக்கிராம டாக்டராக வந்தார், அது ஓடியதும் எல்லாப் படத்திலும் அவரை டாக்டராகவே நிற்க வைத்தார்கள். பிறகு அந்த மாதிரிப் படங்களே நின்றுபோயின. கடைசியாக வந்த அழைப்பு ஒரு துப்பறியும் தொடரில் பிணமாகக் கிடப்பதற்கு. அவர் போகவில்லை, இந்த ஏரிக்கரைக்குக் குடிவந்தோம். பட்டம் சேர்க்காமல் பெயரைச் சொன்னால் மரியாதைக் குறைவு என்று நினைக்கும் ஊர் இது என்பது உனக்குத் தெரியும். படம் பார்த்த பழக்கத்தில் முதல் வாரமே அவர் டாக்டர் ஐயா, நான் டாக்டரம்மா. ஆயுசு முழுக்கப் பள்ளிக்கூடத்தில் பாடம் நடத்திய எனக்கும் அது இனித்தது, மறுக்கவில்லை.

போன வாரம், மார்ட்டின் திருநாள் வாத்துக்கறி சாப்பிட்ட மறுநாள், பக்கத்து வீட்டு லாய்ட்னர் அம்மாள் வயிற்றைப் பிடித்துக்கொண்டு வேலியோரம் வந்து நின்றார். அப்பா அவர் மணிக்கட்டைத் தொட்டார், கண்ணை மூடிக்கொண்டார், "வாத்துக் கொழுப்புதான், வேறொண்ணுமில்ல. சோம்புத் தேநீர் குடிச்சிட்டு வெந்நீர்ப் பை வெச்சுப் படுங்க" என்றார். சமையலறை ஜன்னலில் நின்று நானும் கேட்டேன், வாயைத் திறக்கவில்லை. விடிவதற்குள் அந்த அம்மாளின் குடல்வால் வெடித்துவிட்டது. ஆஸ்பத்திரியில் ஆபரேஷன் செய்து காப்பாற்றிவிட்டார்கள், கடவுள் செயல்.

ஆஸ்பத்திரிக்குப் போனேன். அந்த அம்மாளின் மகன் ஃப்ளோரியன், "அம்மா, அவரு சினிமா டாக்டரும்மா!" என்று தலையில் அடித்துக்கொள்கிறான். லாய்ட்னர் அம்மாளோ, "சும்மா இருடா. அத்தனை படமும் பாத்திருக்கேன், அவர் கைபட்டு ஒருத்தராவது செத்திருக்காங்களா?" என்று அவனை அடக்கிவிட்டு, என் கையைப் பிடித்து, "நான்தான் பையைச் சரியா வெக்கல போலிருக்கு டாக்டரம்மா, ஐயாகிட்ட கோவிச்சுக்க வேணாம்னு சொல்லுங்க" என்றார். என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. வீட்டுக்கு வந்து சொன்னால் அப்பா சுவரைப் பார்த்துக்கொண்டு, "நான் யோசிக்கவே இல்ல. பழைய படத்து வசனம், அதுவா வாயில வந்துடுச்சு" என்கிறார். ரொட்டி வாங்கக்கூட வெளியே போகவில்லை.

வகுப்பில் ஒரு பிள்ளை, கிழக்கே ஓடும் டான்யூப் நதியை மேற்கே ஓடுவதாக வரைந்தால் பக்கத்துப் பிள்ளைகளும் பார்த்து அப்படியே வரைவார்கள். டீச்சர் பார்த்தும் பேசாமல் நகர்ந்தால் தப்பு யாருடையது? இன்று காலை ரொட்டிக் கடையில், "நான் டாக்டரம்மா இல்லை, டீச்சர். என் வீட்டுக்காரர் நடிகர்" என்று சொல்லிப் பார்த்தேன். கடைக்காரப் பெண், "எவ்வளவு அடக்கம் பாருங்க டாக்டரம்மாவுக்கு!" என்று வரிசையில் நின்றவர்களிடம் சொன்னாள். கூசிப்போய்த் திரும்பினேன்.

சனிக்கிழமை லாய்ட்னர் அம்மாள் வீடு திரும்புகிறார். தையல் வலித்தால் மறுபடி எங்கள் வேலியோரம்தான் வருவார். அதற்குள் அவரிடம் உண்மையைச் சொல்லியாக வேண்டும். நாளை நாங்கள் இருவரும் ஆஸ்பத்திரிக்குப் போகிறோம். அப்பா கண்ணாடி முன் நின்று அவரிடம் மன்னிப்புக் கேட்பதை ஒத்திகை பார்ப்பது இப்போதும் கேட்கிறது, ஒருமுறை மெதுவாக, ஒருமுறை தழுதழுத்து. தடுக்க எனக்கு மனம் வரவில்லை.

நீங்கள் எல்லோரும் நீண்ட ஆயுளோடு நன்றாக இருங்கள். ஒன்று மட்டும் செய். உறையில் 'டாக்டர்' என்று விளையாட்டாகத்தான் எழுதுகிறாய், தெரியும். ஆனால் தபால்காரர் அதைப் படித்துவிட்டுத் தன் முழங்காலைக் காட்டி மருந்து கேட்கிறார். அடுத்த கடிதத்தின் உறையில் அப்பா பெயரை ஒட்டோகார் வின்ட்ஹாகர் என்று மட்டும் எழுது, பெயருக்கு முன்னால் எதுவும் வேண்டாம்.

உன் அம்மா,
கெர்ட்ரூட்