கொல்லையில் தேங்கிய செவ்வாய்க்கிழமை

பாகூர்
கார்த்திகை 10, புதன்கிழமை

அன்பு மகள் செல்வகுமாரிக்கு, அப்பா ஆசியுடன் எழுதுவது. நான் நலமாக இருக்கிறேன், நீயும் மாப்பிள்ளையும் அந்தக் குளிரில் சளி பிடிக்காமல் இருக்க வேண்டும். அம்மாவும் நலம் என்று அடுத்த வரியை எழுதத்தான் பேனாவை எடுத்தேன், கை வரவில்லை. போனில் சொல்லலாம் என்றால் அவள் காதில் விழும், அதனால்தான் கடிதம். உட்கார்ந்து படி.

இங்கே கரும்பு வெட்ட ஆள் கிடைக்கவில்லை, மழை விட்டு விட்டுப் பெய்கிறது. மூலக்குளத்தில் காலவாய்க்காலைச் சிமெண்டு போட்டு மூடி மேலே கடை கட்டிவிட்டார்கள், அங்கே காலம் தறிகெட்டு ஓடுகிறது. போன வாரம் மோட்டாருக்கு ஒரு வாஷர் வாங்கப் போனேன், வாங்கி முடிப்பதற்குள் மூன்று நாள் தாடி முளைத்துவிட்டது. நம் பக்கம் இன்னும் மண் வாய்க்கால்தான். மாப்பிள்ளைக்குப் படித்துக் காட்டினால் குழம்புவார், அவர் ஊரில் காலம் எல்லார் வீட்டுக்கும் ஒரே அளவில் வருமாமே. இங்கே ஏரித்தண்ணீர் மாதிரி காலமும் முறை வைத்துத்தான் பாயும் என்று சொல்லு. பதினைந்து நாளைக்கு ஒரு முறை நம் கொல்லைக்குப் பாய்ச்சிக்கொண்டு, கீழ்மடையைத் திறந்து அடுத்த வீட்டுக்கு விட்டுவிட வேண்டும். நமக்குக் கீழே கடைசி வீடு புகழேந்தி வீடு, உனக்கு ஞாபகம் இருக்கும், அவன் பெண்டாட்டி லில்லி.

ஆடி மாதம் அம்மாவை ஆஸ்பத்திரியில் இருந்து அனுப்பிவிட்டார்கள் என்று சொன்னேன் அல்லவா, குணமாகி அனுப்பவில்லை செல்வி, இனி வீட்டில் வைத்துப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று அனுப்பினார்கள். அதே மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை சாயங்காலம் கொல்லையில் நாற்காலி போட்டுச் சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தாள். மூச்சு ஒரு மாதிரி இழுத்தது, எனக்குப் புரிந்துவிட்டது. அன்றைக்கு நம் முறை. நான் மண்வெட்டியை எடுத்துக்கொண்டு ஓடி, திறக்க வேண்டிய கீழ்மடையில் ஆறு மூட்டை மண்ணை வைத்து அடைத்துவிட்டேன். அன்றில் இருந்து வீட்டின் முன்பக்கம் நாட்கள் வந்து போகின்றன, கொல்லையில் மட்டும் அதே செவ்வாய்க்கிழமை தேங்கி நிற்கிறது. நீ ஞாயிற்றுக்கிழமை தவறாமல் பேசும்போது, இன்னாடி சாப்டியா, தலைய காய வச்சிக்கினு படு, இங்க மழ வர்ற மாதிரி கீது என்று ஒரே மாதிரி சொல்கிறாளே, அம்மா டேப் ரிக்கார்டர் ஆகிவிட்டாள் என்று நீ சிரித்தாய், நானும் கூடச் சிரித்தேன். என்னை மன்னித்துவிடு.

உனக்காகத்தான் அடைத்தேன், நீ வந்து முகம் பார்க்கட்டும் என்று அடைத்தேன் என்றெல்லாம் எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். பொய். எனக்காகத்தான் அடைத்தேன். முட்டாள், அவள் மூச்சோடு அந்த நேரத்து வலியையும் சேர்த்து நிறுத்திவிட்டேன். நான்கு மாதமாக நடுநடுவே இடுப்பைப் பிடித்துக்கொண்டு உரிக்கிறாள், முறத்தில் வெங்காயம் குறையவே இல்லை. மதிலில் அதே காக்கை. கொல்லைக் கதவைத் திறந்தால் தேங்கிய குட்டையின் நாற்றம் வருகிறது. எனக்கு இப்போது அந்தக் கதவைத் திறக்கவே பயமாக இருக்கிறது, என் பெண்டாட்டி இருக்கும் இடத்துக்குப் போகப் பயப்படுகிறேன்.

போன வாரம் லில்லி வந்தாள். கம்பெனி வேலைக்குப் போய்வரும் புகழேந்திக்கு நாள் நகர்கிறது, வீட்டோடு இருக்கும் அவளுக்கு ஆடியில் ஏழு மாதம், இன்றைக்கும் ஏழு மாதம்தான். பெரியப்பா, உங்க மடைல எதுனா அடச்சிக்கினு கீதா பாருங்களேன், கொழந்த அசையுது, வளர மாட்டேங்குது என்றாள். என்மேல் ஒரு பழியும் சொல்லவில்லை. அம்மா கொல்லையில் இருந்தே கேட்டுவிட்டாள். தேங்கிய இடத்திலும் சுழி இருக்கும், அந்த ஒரே நாளுக்குள் சுற்றிக்கொண்டிருந்தாலும் அவளுக்கு எல்லாம் ஞாபகம் இருந்திருக்கிறது. நான் அப்பவே நெனச்சேன், இந்தச் செவ்வாக்கெழம போவவே மாட்டேங்குதேன்னு, இன்னாங்க இப்டி பண்ணிட்டீங்க, அந்தப் பொண்ணு வயித்தப் புடிச்சிக்கினு நிக்கிது, தொறந்து வுடுங்க என்றாள். செல்வி வரட்டும் என்றேன். அவ பேசறா இல்ல, அது போதும் என்றாள். லில்லிதான் பாவம், ஒரு முற பொறுத்துக்கறேன் பெரியம்மா, அக்காவுக்குச் சொல்லிடுங்க என்று தவணை கொடுத்துவிட்டுப் போனாள்.

வருகிற திங்கட்கிழமை விடிந்ததும் நம் முறை. மூட்டைகளை எடுத்துவிடுவேன், சத்தியம். கூரியரில் போட்டால் சனிக்கிழமைக்குள் உன் கையில் சேரும் என்றார்கள். நீ ஓடி வரப் பார்ப்பாய், ஆனால் போன தடவை நீ விமானத்தில் வந்து இறங்கியபோது வழியில் மூலக்குளத்தைத் தாண்டுவதற்குள் நான்கு நாள் காணாமல் போனது, இப்போதும் அப்படித்தான் ஆகும். பிறகு வா, நிதானமாக வா.

நீயும் மாப்பிள்ளையும் ஒரு குறையும் இல்லாமல் நீடூழி வாழ வேண்டும் என்று செங்கழுநீர் அம்மனை வேண்டிக்கொள்கிறேன். வேளைக்குச் சாப்பிடு. ஞாயிற்றுக்கிழமை மறக்காமல் போன் பண்ணு. அவள் அதையேதான் கேட்பாள். சிரிக்காதே, அழவும் செய்யாதே, சாப்பிட்டேன், தலை காய்ந்துவிட்டது என்று சொல்லு. எப்போதும் வேலை இருக்கிறது என்று நீதான் முதலில் போனை வைப்பாய். இந்த ஒரு தடவை அவளே வைக்கட்டும்.

இப்படிக்கு,
உன் அப்பா
அரங்கநாதன்