நான் சொன்ன காய்ச்சல்

நேற்று அஸர் தொழுகைக்குப் பிறகு மகள் போனில் ஓர் ஆவணப்படம் பார்த்துக்கொண்டிருந்தாள். உயர்தரப் படிப்பு முடித்த பிள்ளைகள், இனி என்ன செய்யப்போகிறோம் என்று ஒவ்வொருவராகச் சொல்கிறார்கள். வெள்ளைப் பர்தா போட்ட ஒரு பிள்ளை, "மேல படிக்க வீட்டுல விட மாட்டாங்க" என்று சொல்லிவிட்டுக் குனிந்துகொண்டது.

"பாவம் உம்மா" என்றாள் மகள்.

அந்தப் பிள்ளை சொன்னது உண்மையாக இருக்கலாம். ஆனால் கூட்டாளி, நான் அதே சொல்லை அன்று உன்னிடம் சொன்னது உண்மையில்லை.

சாதாரண தரச் சோதனையோடு எனக்குக் கலியாணமாயிற்று. பள்ளிக்கூடம் விட்டு வரும் வழியில் நீ கொப்பிகளைத் தந்துவிட்டுப் போவாய். நான் அடுப்படியில் இருந்து பார்த்து எழுதுவேன். வெளியிலிருந்து உயர்தரச் சோதனை எழுதும் விண்ணப்பத்தையும் நீதான் கொண்டுவந்தாய். "ஒண்டாப் போவோம் புள்ள. பெயிலானா ஒண்டா அழுவோம்" என்று சிரித்தாய்.

சோதனையன்று காலை கேற்றடியில் வந்து நின்றாய். "அவர் விட மாட்டேன் எண்டுட்டார்" என்றேன்.

"இவ்வளவு நாளும் வாய்க்குள்ள என்ன வெச்சிருந்தாராம்?" என்று கேட்டுவிட்டுத் தனியே பஸ்ஸுக்குப் போனாய்.

அவரோ எனக்கு இரண்டு பேனை வாங்கி வைத்துவிட்டு மதுரங்குளிக் கடைக்குப் போயிருந்தார். சோதனைக்குப் பயந்தது நான். அவர் திரும்பி வந்து கேட்டபோது காய்ச்சல் என்றேன்.

அதற்குப் பிறகு நீ அவரோடு கதைக்கவே இல்லை. நம் ஊரில் பெருநாள் தட்டை யாரும் வெறுமையாகத் திருப்புவதில்லை, ஒரு பிடி சீனியாவது இருக்கும். அவர் கொண்டுவந்து தரும் வட்டிலப்பத் தட்டை மட்டும் நீ கழுவி வெறுமையாக அனுப்புவாய். "உங்கட கூட்டாளிக்கு என்னில என்ன கோவம்?" என்பார். "அவள் அப்படித்தான்" என்பேன். அத்தனை வருடமும் அதையேதான் சொன்னேன்.

நீ மௌத்தான அன்று அவரும் சந்தூக்குப் பெட்டிக்குத் தோள் கொடுத்தார். நான் பெண்களோடு வாசலில் நின்றுவிட்டேன்.

நேற்று மஃரிபுக்குப் பிறகு அவரிடம் எல்லாவற்றையும் சொன்னேன். தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டார்.

"அண்டைக்கு மையத்தத் தூக்கிப் போகக்குள்ள அவக்கிட்ட மாப்புக் கேட்டன்" என்றார். "என்ன பிழை செஞ்சன் எண்டு தெரியாமலே கேட்டன்."

இன்று காலைத் தேத்தண்ணீரை அவர் தானே ஊற்றிக் குடித்துவிட்டுப் போய்விட்டார்.

ஒவ்வொரு தொழுகைக்குப் பிறகும் உனக்காகத் துஆ கேட்கிறேன். மாப்பு மட்டும் கேட்டதில்லை. இன்று சுபஹுத் தொழுதுவிட்டு முஸல்லாப் பாயிலேயே இருந்து உன் பெயரைச் சொன்னேன். அதற்கு மேல் வரவில்லை.