கிழக்கு மேலே இருக்கும் படம்

அக்ரஹாரம், மைசூரு
12-3-1997

அன்பு மகன் உதயகுமாருக்கு அப்பா எழுதுவது. நஞ்சுண்டேசுவரர் அருளால் நானும் அம்மாவும் சுகம். அந்த யோர்தான் தேசத்து மொட்டை மலைநாட்டில் நீயும் தலைவலி காய்ச்சல் இல்லாமல் இருப்பாய் என்று நம்பி எழுதுகிறேன். இங்கே வெயில் இப்போதே மண்டையைப் பிளக்கிறது, குழாயில் தண்ணீர் ஒருநாள் விட்டு ஒருநாள்தான் வருகிறது. குண்டலுபேட்டையிலிருந்து உன் அக்கா வினிதா குழந்தைகளோடு நஞ்சன்கூடு தேருக்கு வருவதாகச் சொல்லியிருக்கிறாள், மாப்பிள்ளைக்குக் கடையை விட்டுவர மனம் இருந்தால் அவரும் வருவார். நீ ரோட்டு வேலையில் நாளெல்லாம் வெயிலில் நிற்கிறவன், தொப்பி இல்லாமல் நிற்காதே, அந்த ஊர்ச் சர்க்கரைப்பாகு டீயையும் குறைத்துக்கொள். சரி, இதையெல்லாம் தாண்டிக் கீழே கண்ணை ஓட்டுவாய் என்று எனக்குத் தெரியும். உனக்கு வேண்டியது ஒரே பதில்தான். உங்கள் கம்பெனி ஆபீசில் வேலை செய்யும் நாதியாவைக் கல்யாணம் செய்துகொண்டு, காண்ட்ராக்ட் முடிந்ததும் இரண்டு பேரும் மைசூருக்கே வந்துவிடுகிறோம் என்று நீ எழுதிய நாளிலிருந்து நான் சரி என்றுதான் சொல்லி வருகிறேன். உன் அம்மாதான் வாயைத் திறக்கவில்லை. உன் கடிதம் வந்தால் சாப்பாட்டைப் பற்றி என்ன எழுதியிருக்கிறான் என்று கேட்பாள், அந்தப் பெண்ணின் பெயர் வரும் இடத்தில் எழுந்து போய்விடுவாள். அங்கே நாதியாவின் அம்மாவும் எருசலேம் தெரியும், டமாஸ்கஸ் தெரியும், இந்த மைசூரு எங்கே இருக்கிறது, பெயரே கேட்டிராத ஊருக்கு என் மகளை எப்படி அனுப்புவேன் என்று நிற்பதாக எழுதியிருந்தாய். அவர்களுடைய ஈஸ்டருக்குள் இரண்டு அம்மாக்களும் சம்மதம் சொல்லாவிட்டால் அந்த வீட்டில் வேறு இடம் பார்க்கத் தொடங்கிவிடுவார்கள் என்று படித்ததிலிருந்து எனக்கும் சோறு இறங்கவில்லை.

இப்போது நீ அனுப்பிய படத்துக்கு வருகிறேன். நாதியாவின் ஊரான மாதபாவில், சர்ச்சுத் தரையில் ஆயிரத்து நானூறு வருடத்துக்கு முன்னால் வண்ணக் கல் பதித்துச் செய்த பைபிள் நாடுகளின் வரைபடம், இது அதன் அச்சு என்று எழுதியிருந்தாய். சர்வே ஆபீசில் ஆயுசு முழுக்க வரைபடம் போட்டவனுக்கு வேறு என்ன வேண்டும்? அன்றைக்கே எடுத்துக்கொண்டு கெம்பையன் ஃபிரேம் கடைக்குப் போனேன். ஒப்பிட்டுப் பார்க்க எதிர்வீட்டுக் கமலம்மாள் டீச்சர் தன் ஞாயிறு பள்ளிக்கூடத்து பைபிள் மேப்பைக் கொடுத்திருந்தார். அதில் உப்புக்கடல் மேலும் கீழுமாக நிற்கிறது, யோர்தான் நதி வடக்கிலிருந்து இறங்கி அதில் விழுகிறது, கடலுக்குக் கிழக்கே மோவாப் தேசம், அதற்கு மேலே அம்மோன், தெற்கே ஏதோம். உன் படத்திலோ கடல் குறுக்கே படுத்துக் கிடந்தது. வடக்கு மேலே இல்லாத ஒரு வரைபடத்தையும் நான் என் மேஜையைத் தாண்ட விட்டதில்லை. படத்தைத் திருப்பி வடக்கை மேலே வைத்துக் கொக்கியை அங்கே அடி என்றேன். அட்சர மலகிபிட்டிதெ சார் என்று கெம்பையன் சொல்லிப் பார்த்தான், எழுத்தெல்லாம் படுத்துவிட்டதாம். எழுத்துப் போட்டவன் செய்த தப்பு, நீ அடி என்றேன். வீட்டில் மாட்டிப் பார்த்தால் எருசலேம் பட்டணம் மதிலும் தூண்வரிசையுமாகப் பக்கவாட்டில் சாய்ந்து கிடக்கிறது, எரிகோவின் பேரீச்ச மரங்கள் தூங்குகின்றன, கடலில் இருக்கும் படகு இரண்டும் வாலில் நிற்கின்றன. அம்மா ஓரக்கண்ணால் பார்த்துவிட்டு, பூகம்பம் வந்த ஊருலயா எம்பையன் ரோடு போடறான் என்று கேட்டாள்.

போன ஞாயிற்றுக்கிழமை சர்ச்சிலிருந்து திரும்பும் வழியில் டீச்சர் உள்ளே வந்தார். கழுத்தைச் சாய்த்துச் சாய்த்துப் பார்த்தார். நீ அகலப்படுத்தும் ரோடுதான் பைபிளில் வரும் ராஜபாதையாம், எகிப்திலிருந்து வந்த கூட்டம் இந்த வழியாகப் போகட்டுமா என்று கேட்டபோது ஏதோம் ராஜா முடியாது என்று மறித்த பாதையாம். எனக்குத் தலை கொஞ்சம் கனத்துவிட்டது, ஒத்துக்கொள்கிறேன். ராஜா விடாத ரோட்டை என் மகன் எல்லோருக்கும் அகலப்படுத்துகிறான் என்று சொல்லிக்கொண்டிருக்கும்போதே அவர், ஆனா சார், இது சுவருக்குச் செஞ்சது இல்லையே, தரையில கெடக்கிறது, பழைய சர்ச்சுல எல்லாம் பீடம் கிழக்கே இருக்கும், உள்ள போறவங்க கிழக்கே பார்த்துத்தானே நடப்பாங்க என்றார். அவர் போனதும் படத்தைக் கழற்றினேன். நம் வீட்டு வாசல்தான் கிழக்கே பார்த்ததாயிற்றே, எழுத்தின் தலை வாசல் பக்கம் இருக்கும்படி ஹாலில் தரையில் வைத்தேன். அவ்வளவுதான். பட்டணம் எழுந்து உட்கார்ந்தது, மரங்கள் நிமிர்ந்தன, படகுகள் மிதந்தன, வடக்கும் வடக்கிலேயே இருந்தது. நடந்து வருகிறவனின் முகம் பார்க்கும் திசைக்குத்தான் அவர்கள் படம் போட்டிருக்கிறார்கள். தப்பு முழுக்க என்னுடையது, கெம்பையனிடம் போய்ச் சொல்ல வேண்டும், இன்னும் போகவில்லை.

சமையலறையிலிருந்து வந்த அம்மாவுக்கு வாசலுக்குப் போக வழியில்லை, படத்துக்கு இந்தப் பக்கமே நின்றுவிட்டாள். அவிங்களும் கெழக்க பாத்துத்தான் கும்புடுவாங்களா என்று கேட்டாள். ஆமாம் என்றேன். முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு உட்கார்ந்தாள். யோர்தானில் வருகிற மீன் ஒன்று, உயிர் எதுவும் வாழாத உப்புக்கடலை நெருங்கியதும் வேண்டாமப்பா என்று திரும்புகிற மாதிரி கல்லிலேயே வைத்திருக்கிறார்கள், அதைக் காட்டினேன், சிரித்தாள். அப்புறம்தான் கேட்டாள், அந்தப் புள்ள ஊரு எதுங்க என்று. மாதக்கணக்கில் நான் காத்திருந்த கேள்வி. கடலுக்கு மேலே மோவாப் பக்கம் தேடினேன். நாதியாவின் முன்னோர் இருந்ததாக நீ எழுதிய கராக் இருக்கிறது, ஒரு மான் ஓடுகிறது. மாதபாவை மட்டும் காணோம். டீச்சர் மேப்பில் மேதெபா என்று அழகாகப் போட்டிருக்கிறது, அதை வைத்து அளந்து பார்த்தால் இதில் அந்த இடத்தில் கல் பெயர்ந்து வெறும் பூச்சு. படத்தைச் செய்து வைத்த ஊரே படத்தில் இல்லை. அம்மாவிடம் சொன்னேன். அந்த வெறும் பூச்சின்மேல் விரலை வைத்தாள். பிறகு, அந்தம்மாளுக்கும் நம்ம ஊரு இப்பிடித்தானுங்க இருக்கும், வெறும் பூச்சாட்ட, பாவம், எதப் பாத்துப் பொண்ணக் குடுப்பா என்றாள். யார்மீது கோபமாக இருக்கிறாள் என்று நான் பயந்துகொண்டிருந்தேனோ அவர்களுக்காகவே அவள் பாவப்பட்டாள். நீங்கதான் படம் போடறவராச்சே, நம்ம ஊர ஒண்ணு போட்டு அனுப்புங்க என்றாள்.

அதைத்தான் இதோடு வைத்திருக்கிறேன். கிழக்கை மேலே வைத்துத்தான் போட்டேன், கை பழகாமல் முரண்டு பிடித்தது. கீழே அரபிக்கடல், அந்தம்மாள் அந்தப் பக்கமிருந்துதானே வர வேண்டும். நடுவில் அரண்மனை, இடது பக்கம் காவேரி, வலது பக்கம் கபிலைக் கரையில் நஞ்சன்கூடு, அதற்குக் கொஞ்சம் முன்னால் சாமுண்டி மலை, படத்தின் உச்சியில் கிழக்கே நம் பெரியவர்கள் புறப்பட்டு வந்த கொள்ளேகால். அம்மா பக்கத்திலேயே உட்கார்ந்துகொண்டு காவேரியிலும் மீன் வேண்டும் என்றாள், போட்டேன். நம் வீட்டை அளவுப்படி ஒரு புள்ளியாக வைத்தேன், அதற்குத்தான் சண்டை வந்தது. எருசலேமை அவிங்க அம்மாம் பெருசாப் போடலியா, பொண்ணக் குடுக்கறவ தேடிட்டு நிக்கக்கூடாதுங்க என்றாள். ஸ்கேலை ஓரமாக வைத்துவிட்டு அரண்மனையைவிடப் பெரிதாக நம் வீட்டைப் போட்டேன். என் பழைய சர்வே ஆபீஸ் ஆட்கள் யாரிடமும் இதைச் சொல்லிவிடாதே. கடைசியில் வீட்டுக்குள் பெயர் எழுத வேண்டியிருந்தது, கணேசன் என்று போடட்டுமா, உன் பெயரை லீலா என்று போடட்டுமா என்று கேட்டேன். அம்மா கொஞ்சமும் யோசிக்கவில்லை, நாதியா ஊடுன்னு போடுங்க என்றாள்.

அப்படியே போட்டிருக்கிறேன். அந்த இடத்தில் அவர்கள் மொழியிலும் எழுத இடம் விட்டிருக்கிறேன், நாதியாவையே எழுதச் சொல். தபாலில் போடாமல், ஈஸ்டருக்கு முன்னால் நீயே நேரில் கொண்டுபோய் அந்தம்மாள் கையில் கொடு, மறந்துவிடாதே. உங்கள் இருவருக்கும், சம்மந்தியம்மாளாகப் போகிறவருக்கும் எங்கள் மனப்பூர்வமான ஆசிகள், நமஸ்காரங்கள்.

இப்படிக்கு
உன் அப்பா
கணேசன்