நூற்றுப் பதினேழு கசடு

நல்லூர், திருப்பூர்
12 ஜூன் 2006

அன்பும் மரியாதையும் நிறைந்த அக்காவுக்கு,

கர்த்தரின் கிருபையால் சுகமாக இருக்கிறேன். உங்கள் முழங்கால் வலி குறைந்ததா? மாத்திரையை நிறுத்தாதீர்கள்.

இங்கே ஒரு வேடிக்கை நடந்தது. இரும்பை உருக்கும்போது மிஞ்சும் ஸ்லாக்குக்கு நாடெங்கும் சிமெண்டு ஆலைகளில் தேவை கூடும் என்று சொல்லும் ஆங்கில அறிக்கை ஒன்றை, அந்த வியாபாரத்தில் இறங்கும் முதலாளி ஆத்தப்பனுக்காகத் தமிழாக்குகிறேன் அல்லவா? அதன் சுருக்கத்தை அவர் நோட்டீஸாக அடித்து ஊரெல்லாம் கொடுத்தார். ஸ்லாக் வரும் இடத்திலெல்லாம் நான் 'கசடு' என்று நல்ல தமிழில் எழுதியிருந்தேன். மறுநாளே பக்கத்தில் நெருப்பெரிச்சல் என்ற ஊரின் சாயப்பட்டறைக்காரர் ஒருவர் டிராக்டர் நிறைய ஊதாச் சேற்றோடு வந்து நின்றார்.

"கசடுக்கு நல்ல வெலைன்னு போட்டிருக்கீங்களே, எங்கீங்க கொட்டறது?"

நான் அகராதியைக் காட்டினேன். முதலாளி மூக்கைப் பொத்திக்கொண்டு, "அகராதிக்குச் சரிங்க டீச்சரம்மா, மூக்குக்குத்தான் தப்புங்க. இந்த ஊருல கசடுன்னா சாயக் கசடுதானுங்க," என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நானும் சிரித்தேன்.

ஆனால் மீதி அறிக்கையை வேறு ஆளிடம் கொடுக்க அவர் யோசிப்பதாக ஆபீஸில் சித்ரகலா சொன்னாள். நாற்பது வருடம் பிறர் பிழையைச் சிவப்பு மையில் திருத்தியவள் நான். நேற்று முழுவதும் என் பிழையை நானே திருத்தினேன். நூற்றுப் பதினேழு கசடு; அத்தனையையும் அடித்து 'ஸ்லாக்' என்றே எழுதினேன். சனிக்கிழமைதான் முடிவு சொல்வாராம். அதுவரை உட்கார முடியாமல் அறைக்குள்ளேயே நடக்கிறேன்.

என் பழைய கண்ணாடியை அனுப்புங்கள். கடிதத்தைக் கொஞ்சம் நீளமாக எழுதுங்கள். பாளையங்கோட்டையில் என் மாடி அறையை யாருக்கும் வாடகைக்கு விட்டுவிடாதீர்கள்.

வாசலில் இன்னொரு டிராக்டர் வந்து நிற்கிறது. எழுதியவள்தான் போய்ப் பதில் சொல்ல வேண்டும்.

உங்கள் தங்கை,
பிளாரன்ஸ்