சத்தத்தை நிறுத்திப் பார்த்த காட்சி

அன்பு நாதிர் மாமா,

ஞாயிறன்று பரமட்டா மண்டபம் ஒன்றில் உங்கள் நினைவுக் கூட்டம் நடந்தது. நீங்கள் இருந்திருக்க வேண்டும்.

மேல்வீட்டுக்காரரான நீங்கள் ஒரு காலத்தில் ஈரானியப் படங்களில் கதாநாயகன் என்பதை அம்மா நம்பவில்லை. டிவிடியோடு இறங்கி வந்தீர்கள். கறுப்பு வெள்ளை. ரயில் நிலையம். காதலி போகிறாள். ஏதோ சொல்கிறீர்கள், ஆழமான, கனத்த குரல். அம்மா கண்ணைத் துடைத்தாள்.

பிறகு, "அண்ணை, இது உங்கட குரல் இல்லையே?"

அதை நான் உங்களுக்கு ஆங்கிலத்தில் சொன்னேன். "ஓம்," என்றீர்கள், அவளிடமிருந்து கற்றுக்கொண்ட தமிழில்.

அந்நாளில் படம் பிடிக்கும்போது ஒலிப்பதிவு இல்லை. உங்கள் மெல்லிய, கீச்சுக் குரல் கதாநாயகனுக்கு ஆகாதாம். எல்லாப் படத்துக்கும் வேறொருவர் பேசினார். முகம் மட்டும் நீங்கள்.

அந்த இடத்தில் உண்மையில் என்ன சொன்னீர்கள்? வசனம் மறந்துபோனதாம். "பசிக்கிறது, சாப்பாடு எப்போது என்று கேட்டேன்."

"ஐயோ, அதுக்கே நான் அழுதனான்!" என்றாள் அம்மா.

கூட்டத்தில் அதே காட்சியைக் காட்டினார்கள். வயதானவர்கள் விம்மினார்கள். உங்கள் மகள் ரோயா விரும்பியது ஒன்றுதான்: ஒரு தடவையாவது அவர்கள் உங்களை உங்கள் குரலிலேயே கேட்க வேண்டும். என் கைத்தொலைபேசியில் நீங்கள் விட்ட குரல்செய்தி இருந்தது. ஒலிவாங்கியருகே பிடித்தேன்.

"வா, தேநீர் தயார். தங்கச்சியையும் கூட்டி வா. ஓம்?"

முன்வரிசைப் பெரியவர் ஒருவர் எழுந்தார். பாரசீகத்தில் கோபமாக ஏதோ சொன்னார். ரோயா என் காதில் சொன்னாள்: "இது அவர் இல்லையாம். அவருடைய குரல் தனக்குத் தெரியாதா என்கிறார்." பலர் தலையாட்டினார்கள். உங்களை இவ்வளவு நேசித்தவர்களிடம், நீங்கள்தான் நீங்கள் என்று எப்படிச் சொல்வது?

ரோயா காட்சியை மறுபடி போட்டாள். சத்தத்தை முழுக்க நிறுத்தினாள். "உதட்டைப் பாருங்கள்."

பெரியவர் முன்னே குனிந்தார். மெல்ல, வாய்விட்டு வாசித்தார்: பசிக்கிறது, சாப்பாடு எப்போது?

மண்டபமே சிரித்தது. அவரும் சிரித்தார். சிரித்தபடியே முகத்தைக் கைகளில் புதைத்துக்கொண்டார். பிறகு என் பக்கம் திரும்பி, ஆங்கிலத்தில்: "மகளே, அந்தக் குரலை இன்னொரு தரம் போடு."

நான் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். குரலில்லை. வசனமில்லை. சாப்பாடு கேட்கும் ஒரு மனிதர். ஆனாலும் அந்தக் கண்களில் ரயில் போய்க்கொண்டிருந்தது. அந்தப் பார்வையை எங்கிருந்து எடுத்தீர்கள், மாமா?

உங்கள் வீட்டுக்கு ஒரு இளம் சோடி வந்திருக்கிறது. கதவை அடித்துச் சாத்துகிறார்கள். அம்மா இன்னமும் கூரையை நிமிர்ந்து பார்க்கிறாள்.

போனை மாற்றினாலும் அந்தச் செய்தியை அழிக்க மாட்டேன். மிச்சப் படங்களையும் சத்தமில்லாமல் பார்ப்போம். ரோயா உதடுகளை வாசிப்பாள். அம்மா எதற்கு அழுதாள் என்று உங்களுக்கு எழுதுகிறேன்.

நீங்கள் தங்கச்சி என்று கூப்பிட்டவளின் மகள், ஆகவே,
உங்கள் மருமகள்.